வில்லன் வேடமும் நம்பியார் சரித்திரமும்

கதை என்று ஒன்று நடைபெற வேண்டுமாயின் அதில் நன்மை செய்வான் ஒருவன் மட்டும் போதான். அவனை எதிர்த்து நிற்பான் ஒருவனும் வேண்டும். இராவணன் இலனாயின் இராமகாதையானது, பதினான்கு ஆண்டு காட்டிற் காயும் கனியும் உண்டு ஊர் திரும்பிய ஓர் அரசிளங்குமரனின் யாத்திரையாக முடிந்திருக்கும். துரியோதனன் இலனாயின் பாரதப்போர் இல்லை; போர் இல்லையாயின் கீதையும் இல்லை. இங்ஙனம் கதைக்கு உயிர்நிலையாய் நிற்கும் எதிர்த்தலைவனை ஏட்டிலே படிக்குங்கால் வியக்கின்றோம். அவ்வேடத்தைப் பூண்டு மேடையிலும் திரையிலும் நின்ற மனிதனை மட்டும் நாம் வியப்பதில்லை, அவனை வெறுக்கின்றோம். அவன் வீட்டு வாயிலிற் கல்லெறியாவிடினும், மனத்தினால் எறிகின்றோம். நம் சங்கத்து அன்பர்களும் அவர்தம் குடும்பத்தாரும் வாரந்தோறும் படக்காட்சிக்குச் செல்வாராதலின், இப்பொருள் பற்றிச் சில கூறுதல் தகும் என்று துணிந்தோம்.

வடமொழி நாடக நூலார் இத்தகைய பாத்திரத்தைப் பிரதிநாயகன் என்பர். சினிமாத் தொழிலாளர் வில்லன் என்பர். இன்று தாய்மாரும் குழந்தைகளும் அறிந்த சொல் அதுவே. இச்சொல்லின் வரலாறு சிறிது சுவையுடையது. இலத்தீன் மொழியில் வில்லா என்பது பண்ணை வீடு. அப்பண்ணையில் உழுது பயிர்செய்த ஆளை வில்லானுஸ் என்றனர். பிற்காலத்தில் மாளிகைவாழ் பிரபுக்கள் உழவனை இழிந்தோன் என்று எண்ணினமையால், அச்சொல்லும் மெல்ல மெல்ல இழிந்து, கொடியோன் என்னும் பொருளைத் தாங்கி ஆங்கிலத்தில் நின்றுவிட்டது. ஆகவே, குற்றம் செய்யாத ஏர் உழவன் ஒருவன்மேல் ஏற்றப்பட்ட பழியே அச்சொல்லின் பிறப்பு. கலப்பையின் பெயரையே தன் பெயராகத் தாங்கிய நாஞ்சில் நாட்டிற் பிறந்தார் இதனைக் கேட்டுச் சிறிது நகைக்கவும் சிறிது சினக்கவும் உரிமையுடையர்.

எதிர்த்தலைவன் வேடத்தை மதித்துப் போற்றும் வழக்கம் நம் நாட்டிற்குப் புதிதன்று. 1956-ஆம் ஆண்டு நவம்பர் முதல் தேதி தமிழ்நாட்டோடு இணையும் வரை நம் மாவட்டம் திருவிதாங்கூரைச் சேர்ந்திருந்தது. அதனால் கதகளி நமக்கு அயல் வீட்டுக் கலை அன்று. திருவட்டாற்று ஆதிகேசவப் பெருமாள் கோயிற் போன்ற தலங்களில் இரவு முழுதும் ஆட்டம் நிகழ்ந்ததைக் கண்ட முதியோர் நம்மிடை உளர். அக்கலையில் இராவணன், கீசகன், துரியோதனன் ஆகியோர்க்குக் கத்தி வேடம் என்று ஒரு தனி வேடம் வகுத்திருக்கின்றனர். பச்சை முகத்தில் கத்தி வடிவாகச் சிவப்புத் தீட்டி, மூக்கின் நுனியிலும் நெற்றியிலும் வெண்ணிற உருண்டை வைப்பர். பச்சை நிறம் குலப்பிறப்பையும் வீரத்தையும் காட்டும். சிவப்பு அகந்தையைக் காட்டும். நாயகன் வேடத்தார் வாய் திறவாமல் கைமுத்திரையாலும் கண்ணாலுமே பேச, கத்தி வேடத்தாருக்கு இடையிடையே அலறி ஒலியெழுப்ப உரிமை உண்டு. திரைச்சீலைக்குப் பின்னிருந்து அவ்வலறல் எழும்போது சிறுவர் தாயின் மடியில் முகம் புதைப்பர். ஆயினும் பொழுது புலர்ந்தபின் அவ்வேடம் பூண்ட ஆசானைக் கண்டு யாரும் விலகி ஓடியதில்லை. பெரிய ஆசான்மார் பலர் தம் திறமெல்லாம் காட்டத் தேர்ந்ததும் இராவணன் வேடத்தையே.

தமிழ் நாடக மேடைக்கு வந்தால் முதற்கண் நினைக்கத்தக்கவர் சங்கரதாஸ் சுவாமிகள். தூத்துக்குடிக்கு அணித்தாகிய காட்டுநாயக்கன்பட்டியில் 1867-ல் தோன்றி 1922-ல் மறைந்த இப்பெரியார், நாடகம் இயற்றும் ஆசிரியர் ஆவதற்கு முன்னர் தாமே வேடம் பூண்டு நடித்தவர். அவர் நடித்தவையோ இரணியன், இராவணன், எமதருமன், சனீசுவரன் போன்ற அச்சந்தரும் வேடங்கள். அவருடைய வேடத் தோற்றத்தைக் கண்டு அஞ்சிய கருவுற்ற மாது ஒருத்திக்குத் தீங்கு நேர்ந்ததாகவும், அதனால் மனம் நைந்து வேடம் பூணுதலை விடுத்து ஆசிரியராக மட்டும் அமைந்ததாகவும் நாடக வரலாறு எழுதுவோர் கூறுவர். தமிழ் நாடகத்திற்குத் தலைமையாசிரியர் ஒருவரைத் தந்தது, ஒரு வகையில், அவர்தம் கொடிய வேடத்தின் வெற்றியே என்னலாம்.

சுவாமிகளிடம் 1918-ல் மாணவராகச் சேர்ந்த டி. கே. எஸ். சகோதரர்கள் திருவனந்தபுரத்தார். அவர்கள் 1925-ல் மதுரை ஸ்ரீ பால ஷண்முகானந்த சபையைத் தொடங்கினர். அதில் வளர்ந்து நகைச்சுவையில் நிகரற்று விளங்கியவர் நம் நாகர்கோவில் ஒழுகினசேரியிற் பிறந்த கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன். நம் மண் மலையாளத் திரைக்குத் திக்குறிச்சி சுகுமாரன் நாயரையும் தமிழ்த் திரைக்குக் கலைவாணரையும் அளித்தது. நாம் இங்கு எடுத்துக்கொண்டவரோ மலையாள நாட்டிற் பிறந்து தமிழைத் தம் நாவிற்கும் வாழ்விற்கும் உரியதாக்கிக்கொண்டவர். இருமொழி எல்லையில் வாழும் நமக்கு அவர் சரித்திரம் நெருக்கமுடையது என்பதில் ஐயமில்லை.

மஞ்சேரி நாராயணன் நம்பியார் 1919-ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 7-ஆம் தேதி வட மலையாளத்துக் கண்ணூர்ப் பகுதியிற் பிறந்தார். தந்தை கேளு நம்பியார் இளமையிலேயே இறந்தார். குடும்பம் தளர்ந்தது, சிறுவன் உதகமண்டலத்தில் தமக்கை வீட்டில் தங்கிச் சில காலம் பள்ளி சென்றான். பதின்மூன்று வயதளவில், அவ்வழியே வந்த நவாப் இராஜமாணிக்கம் பிள்ளையின் மதுரை தேவி பால வினோத சங்கீத சபையிற் சேர்ந்துவிட்டான். வறுமையே அவனை நாடகத்திற் கொண்டுசேர்த்தது. அக்காலத்து நடிகர் பெரும்பாலார் சரித்திரத்திலும் முதல் அத்தியாயம் இதுவே.

அக்காலத்துப் பாய்ஸ் கம்பெனி என்பது யாது என்று நம் இளைஞர் அறியார். ஆதலின் சற்று விரித்துரைக்கின்றோம். ஊரூராய்ச் செல்லும் ஒரு குருகுலம் அது. உணவும் உடையும் உறைவிடமும் கம்பெனியே கொடுக்கும், சம்பளம் சொற்பம். விடியற்காலையில் எழுந்து பாட்டுப் பயிற்சி, பகலில் பாடம் ஒப்பித்தல், மாலையில் அரிதாரம், நள்ளிரவு கடந்தபின் உறக்கம். பெண் வேடமும் சிறுவரே பூணுவர். பாடம் சொல்லிக்கொடுப்பவருக்கு வாத்தியார் என்று பெயர்; அவர் கையிற் பிரம்பு இருக்கும். (பிற்காலத்தில் எம். ஜி. இராமச்சந்திரனை அவருடைய அன்பர்கள் வாத்தியார் என்றே அழைத்தனர். பள்ளியில் முப்பது ஆண்டு உழைத்தாலும் எம்போன்ற மெய்யான வாத்தியார்களுக்கு அத்துணைக் கைதட்டல் கிட்டுவதில்லை என்பதை ஈண்டுப் பொறாமையின்றிக் குறிக்கின்றோம்.) பெற்றோரைப் பிரிந்து அழுத பிள்ளைகள் எத்தனையோ பேர், குரல் உடைந்தவுடன் வேடம் இழந்து தெருவில் நின்றோரும் உளர். அக்கம்பெனிகளைப் புகழ்ந்து எழுதுவோர் இப்பகுதியை விட்டுவிடுதல் முறையன்று. ஆயினும் உச்சரிப்பு, நினைவாற்றல், உடற்பயிற்சி, ஒழுங்கு என்னும் நான்கையும் அவ்வாறு கற்பித்த கல்விச்சாலை தமிழ்நாட்டில் வேறில்லை என்பதும் உண்மையே.

நவாப் இராஜமாணிக்கம் ஒழுக்கத்திற் கண்டிப்புடையவர். பக்த ராமதாஸ் நாடகத்தில் கோல்கொண்டா நவாபாகத் தோன்றிப் புகழ்பெற்றமையால் நவாப் என்னும் பட்டம் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. தசாவதாரம் நடத்திய அதே கம்பெனி ஏசுநாதர் நாடகத்தையும் நடத்திற்று. 1935-ல் பக்த ராமதாஸ் பேசும் படமாக எடுக்கப்பட்டபோது அக்குழுவினரே நடித்தனர். பதினாறு வயதினரான நம்பியார் அதில் அமைச்சர் மாதண்ணாவாகத் தோன்றினார். அதுவே அவர்க்கு முதற் படம். ஆயின் படம் முடிந்ததும் அவர் மீண்டும் மேடைக்கே சென்றார். அடுத்த பத்தாண்டு அவர் கற்றது யாவும் மேடையிற் கற்றதே.

பின்னர் அவர் சக்தி நாடக சபாவிற் சேர்ந்தார். அச்சபை நடத்திய எஸ். டி. சுந்தரத்தின் கவியின் கனவு நாடகத்தில் நம்பியார் இராஜகுரு வேடம் ஏற்றார். நாட்டு விடுதலை நெருங்கிய காலம் அது. கொடுங்கோலும் அதற்குத் துணைநிற்கும் சூழ்ச்சியும் மேடையில் வீழ்வதைக் காண மக்கள் திரண்டனர். காவியுடையில் வஞ்சகம் குடிகொண்டிருக்கும் அவ்விராஜகுருவைக் கண்டு மக்கள் பற்களைக் கடித்தனர். நம்பியாரின் எதிர்காலத்தை முடிவு செய்தது அவ்வேடமே என்பது எம் கருத்து.

எனினும் திரையுலகம் உடனே அவரைக் கொடியோனாக்கிவிடவில்லை. 1947-ல் ஜூபிடர் நிறுவனத்தார் எடுத்த ராஜகுமாரியில் எம். ஜி. இராமச்சந்திரன் முதன்முறையாகக் கதாநாயகனானார். கொடியோன் வேடம் டி. எஸ். பாலையாவிற்கு; நம்பியாருக்குக் கிடைத்ததோ நகைச்சுவைத் துணைவேடம். பிற்காலத்தில் முப்பதாண்டு வாளும் வாளுமாக மோதிக்கொண்ட இருவரும் முதற்படியில் ஒரே பக்கம் நின்றனர் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது. 1950-ல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் வெளியிட்ட மந்திரி குமாரியில் அவர் மீண்டும் இராஜகுருவானார். ஐம்பெருங்காப்பியங்களுள் ஒன்றாகிய குண்டலகேசியின் கதையைத் தழுவிய படம் அது என்பதைத் தமிழ் பயின்றார் அறிவர். அதே ஆண்டில் அந்நிறுவனமே எடுத்த திகம்பர சாமியாரில் நம்பியார் கதாநாயகராகிப் பத்துக்கும் மேற்பட்ட மாறுவேடங்கள் பூண்டார். வடுவூர் துரைசாமி ஐயங்காரின் துப்பறியும் நாவல் அது. 1952-ல் கல்யாணி என்ற படத்திலும் அவர் நாயகர். அவ்வாண்டே அமெரிக்கர் இங்கு வந்து எடுத்த தி ஜங்கிள் என்ற ஆங்கிலப் படத்திலும் ஒரு வேடம் ஏற்றார்.

ஆகவே நாயகனாகும் தகுதி இல்லாமையால் அவர் வில்லனானார் என்பார் கூற்று பொருந்தாது. 1951-ல் வெளிவந்த சர்வாதிகாரியில் எம். ஜி. இராமச்சந்திரனை எதிர்த்துப் பட்டம் கவர முயலும் கொடுங்கோலனாக அவர் நின்ற நிலையை மக்கள் கண்டனர், படமுதலாளிகளும் கண்டனர். நாயகனாக நடிக்க ஆள் பலர் உளர். நாயகனை நாயகனாக்கவல்ல எதிரி சிலரே. சந்தை தேடியது அச்சிலரை. நம்பியாரும் அதனைத் தாழ்வெனக் கருதாது ஏற்றுக்கொண்டார். இம்முடிவில் ஒரு தியாகம் இருந்தது என்றே யாம் கருதுகின்றோம். சுவரொட்டியிற் பெரிய முகமும், பாட்டும், காதலியும், இறுதி வெற்றியும் ஒருவர்க்கு. அடியும், உதையும், வசவும் மற்றவர்க்கு.

அக்காலத்தில் இவ்வேடத்திற்குப் பெயர்பெற்றோர் வேறு சிலரும் இருந்தனர். காங்கேயத்தில் 1911-ல் பிறந்த பி. எஸ். வீரப்பா தம் அதிரும் சிரிப்பினாலேயே கொட்டகையை நடுக்கினார். கதகளிக் கத்தி வேடத்தின் அலறலைத் தமிழ்த் திரைக்குக் கொணர்ந்தவர் அவரே எனலாம். டி. எஸ். பாலையா 1936-ல் வெளிவந்த சதி லீலாவதியிலேயே வஞ்சக நண்பனாக வந்தவர். பிறகு குணச்சித்திரத்திலும் நகையிலும் புகுந்து எல்லையற்ற திறம் காட்டினார். ஆர். எஸ். மனோகர் திரையிற் பெற்ற வில்லன் பெயரை நாடக மேடையில் வேறொன்றாக மாற்றினார். இலங்கேஸ்வரன் என்னும் நாடகத்தில் இராவணனையே கதைத்தலைவனாக்கிக் காட்டினார். வீரப்பாவின் வன்மை ஒலியில். நம்பியாரின் வன்மை அடக்கத்தில். அவர் உரக்கக் கத்துவது குறைவு. இரு கைகளையும் ஒன்றோடொன்று பிசைவார். கண்களை ஓரமாக ஓட்டுவார். பற்களுக்கிடையே சொல்லைக் கடித்து விடுவார். எதிரே நிற்பவனுக்கு என்ன நேரப்போகின்றதோ என்ற அச்சம் காண்பார் நெஞ்சில் அப்போதே புகுந்துவிடும். தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் அச்சத்தையும் வெகுளியையும் பெருமிதத்தையும் வெவ்வேறாக வைத்தார். ஒரு பார்வையில் மூன்றையும் காட்டவல்லாரைக் கண்டிருந்தால் உரையாசிரியர்கள் எடுத்துக்காட்டுத் தேடி அலைந்திரார்.

1958-ல் எம். ஜி. இராமச்சந்திரன் தாமே தயாரித்து இயக்கிய நாடோடி மன்னனில் வீரப்பா இராஜகுரு, நம்பியார் பிங்கலன். அவ்வாண்டே வந்த உத்தம புத்திரனில் சிவாஜி கணேசனுக்கு மாமனாய், அரசைத் தன் கைப்பிடியில் வைத்திருக்கும் சூழ்ச்சியாளனாய் விளங்கினார். 1965-ல் பி. ஆர். பந்துலுவின் ஆயிரத்தில் ஒருவனில் கடற்கொள்ளையர் தலைவன். இவற்றையெல்லாம் பட்டியலாக எழுதிக்கொண்டு போவதிற் பயனில்லை. ஒன்றை மட்டும் நின்று நோக்குவோம்.

1965-ல் வெளிவந்த எங்க வீட்டுப் பிள்ளையில் நம்பியார் கஜேந்திரன் என்னும் வீட்டோடு வாழும் மைத்துனர். அவர் வாளேந்தவில்லை, நாடு கவரவில்லை. தன் மனைவியின் தம்பிக்குரிய செல்வத்தைத் தன்னதாக்கிக்கொண்டு, அந்தப் பேதையைச் சவுக்கால் அடிக்கும் ஒரு சாதாரணக் கொடியோன். இத்தகையோரை ஊர்தோறும் காண்கின்றோம். சொத்துப் பாகம் பிரிக்கும் பஞ்சாயத்துகளில் அமர்ந்த நம் சங்கத்துப் பெரியோர் நன்றாகவே கண்டிருப்பர். முதற்பாதியில் அச்சவுக்கு விழும்போதெல்லாம் கொட்டகையில் பெண்டிர் கண்ணீர் வடிப்பர். பின்னர் இரட்டையருள் மற்றவன் வந்து அதே சவுக்கைப் பற்றிச் சுழற்றும்போது எழும் ஆரவாரத்தை விவரிக்க வேண்டுவதில்லை. அந்த ஆரவாரத்திற் பாதி யாருடைய உழைப்பு? முதற்பாதியில் நம்பியார் இரக்கமின்றி அடித்திராவிடின், பிற்பாதிச் சவுக்கு வெறுங்கயிறு அன்றோ? அப்படத்தின் வெற்றியை நாயகன் கணக்கில் மட்டும் வரவு வைப்பது நேரிய கணக்கன்று.

சண்டைக் காட்சியின் நுட்பத்தையும் சிறிது கூறுதல் வேண்டும். படத்திற் காணும் வாட்போர் உண்மைப் போருக்கு நேர்மாறானது. உண்மைப் போரில் எதிரி அடுத்து என்ன செய்வான் என்பது தெரியாது; படத்திலோ ஒவ்வோர் அடியும் முன்னரே எண்ணி வைக்கப்பட்டது. வாள் கூரற்றதாயினும் இரும்புதான். கண்ணிற் பட்டால் கண் போகும். விரற்கடை இடைவெளியில் வீச்சு தவற வேண்டும். தவறியது தெரியாதபடி முகமும் உடலும் துடிக்க வேண்டும். அடிப்பவன் கை நீளுமுன் வாங்குபவன் சாய்ந்தால் நகைப்பு. தாமதித்துச் சாய்ந்தால் காயம். ஆதலின் சண்டையில் நாயகனின் வலிமை தோன்றுவது வில்லனின் காலக்கணக்கினாலேதான். நன்றாகத் தோற்பதற்கு நன்றாக வெல்வதினும் மிகுந்த பயிற்சி வேண்டும். அங்ஙனம் மோதும் இருவருள் ஒருவர்மேல் ஒருவர்க்கு முழு நம்பிக்கை இல்லையாயின் ஒரு நாளும் ஆடமுடியாது. எம். ஜி. இராமச்சந்திரனும் நம்பியாரும் முப்பதாண்டு ஆடினர் என்றால், திரைக்குப் புறத்தே அவர்கள் எத்துணை நம்பிக்கையுடைய நண்பராயிருந்தனர் என்பது தானே விளங்கும்.

ஆனால் பொதுமக்கள் இதனை உணர்ந்தாரல்லர். நம்பியாரிடம் எச்சரிக்கையாக இருக்குமாறு கிராமத்து மூதாட்டியர் எம். ஜி. இராமச்சந்திரனிடமே நேரில் அறிவுறுத்தினர் என்று பலரும் சொல்லக் கேட்கின்றோம். அம்மூதாட்டியரின் அன்பு போற்றத்தக்கதே. அவர்தம் அச்சமோ தவறான இடத்திற் சென்று தங்கிற்று. 1967-ஆம் ஆண்டு ஜனவரி 12-ஆம் தேதி இராமாவரம் தோட்டத்து வீட்டில் எம். ஜி. இராமச்சந்திரன் துப்பாக்கியாற் சுடப்பட்டார். சுட்டவர் என்று நீதிமன்றத்தில் தண்டனை பெற்றவர் நகையும் நையாண்டியுமாய் மக்களை மயக்கிய மாபெரும் நடிகர் எம். ஆர். இராதா. அந்நிகழ்ச்சிக்குப்பின் குரல் மாறி மீண்டு வந்த நாயகர், அவ்வாண்டே வெளிவந்த காவல்காரனில் மறுபடியும் எதிர்கொண்டது நம்பியாரைத்தான். அடிகள் வழக்கம்போல் விரற்கடை தவறியே விழுந்தன. நம் கலைவாணர் சரித்திரத்தையும் இதனோடு வைத்து நோக்குக. நாட்டையே சிரிக்கவைத்த அவ்வுத்தமர் இலட்சுமிகாந்தன் கொலை வழக்கிற் சிக்கி, 1947-ல் விடுதலை பெறும்வரை சிறையில் வாடினார். திரையிற் கொலையே தொழிலாகக் கொண்ட நம்பியாரோ நீதிமன்ற வாயிலை மிதியாமல் வாழ்ந்தார். வேடத்தைக் கொண்டு மனிதனை அளத்தல் எத்துணைப் பிழை என்பதற்கு இவற்றினும் சான்று வேண்டா.

இப்பிழை கொட்டகையோடு நிற்பதன்று. யாம் பணிபுரியும் பள்ளியில் ஆண்டு விழாவிற்குப் பாரத நாடகம் ஒன்று பயிற்றினோம். அருச்சுனன் வேடத்திற்குப் பதினேழு மாணவர் கை உயர்த்தினர். துரியோதனனுக்கு ஒருவரும் இல்லை. குரலும் உயரமும் வாய்ந்த ஒரு மாணவனை யாமே தேர்ந்தோம். மறுநாட் காலையில் அவன் அன்னையார் வந்து, பிள்ளைக்கு அப்பெயர் ஒட்டிக்கொள்ளும், பின்னாளிற் பெண் கேட்கப் போகும்போதும் ஊரார் அதைச் சொல்வர் என்று கண்கலங்கி வேண்டினார். அவ்வம்மையாரை அறியாமையுடையார் என்று தள்ள எமக்கு மனம் வரவில்லை; ஏனெனில் கூத்தாடி என்று சொல்லி நடிகர்க்குப் பெண் கொடாத குடும்பங்கள் நம்மிடை ஒரு தலைமுறைக்கு முன்வரை நிறைய இருந்தன. அதிலும் கொடியோன் வேடம் பூணுவான் என்றால் கேட்கவேண்டியதில்லை. ஒருவாறு அவரை இசைவித்தோம். விழா நாளில் தொடை பிளந்து வீழ்ந்து கிடந்த துரியோதனனைப் பார்த்து முதல் வரிசையில் அழுதவர் அவ்வன்னையாரே. அருச்சுனனாக நடித்த பிள்ளையின் பெயரை இப்போது யாம் முயன்று நினைத்தாலும் நினைவிற்கு வரவில்லை.

நம்பியாரின் இல்வாழ்க்கை திரைவாழ்க்கையோடு சிறிதும் பொருந்தாதது. புலாலும் மதுவும் அறியாதவர். படப்பிடிப்பிற்கு வெளியூர் சென்றாலும் மனைவியார் உருக்மணி அம்மையாரின் கைச்சமையலையே விரும்பி உண்பவர். உடற்பயிற்சி தவறாதவர். நவாப் கம்பெனியிற் கற்ற கண்டிப்பு முதுமைவரை அவரைக் காத்தது எனலாம். அங்கிருந்து அவர் பெற்ற மற்றொரு செல்வம் ஐயப்ப பக்தி. நவாப் இராஜமாணிக்கம் ஐயப்பன் சரித்திரத்தை நாடகமாக்கித் தமிழ்நாட்டு ஊர்களிற் பரப்பியவர். 1950-ல் சபரிமலைக் கோயில் தீக்கிரையானபின், புதிதாக வார்த்த திருவுருவத்தைத் தமிழ்நாட்டு நகரங்கள் வழியே ஊர்வலமாகக் கொண்டுசென்ற முயற்சியில் பி. டி. இராஜனும் அவரும் முன்னின்றனர். இன்று கார்த்திகை தோறும் நாகர்கோவில், தக்கலை, மார்த்தாண்டம் வழியாகக் கருப்பும் நீலமும் உடுத்துச் செல்லும் கூட்டத்தார், அவ்வழக்கம் தமிழர் நடுவே வேரூன்றியதில் ஒரு நாடகக் கம்பெனிக்குப் பங்குண்டு என்பதை அறிவார் சிலரே. அக்கம்பெனியின் மாணவராகிய நம்பியார் ஐம்பது ஆண்டுகளுக்கும் மேலாக விடாமல் மலை ஏறினார். திரையுலகத்தார் பலரும் அவர் கையால் மாலை அணிந்து, அவர் பின்னே இருமுடி சுமந்து நடந்தனர். அவ்வழியில் அவர்க்கு மகாகுருசாமி என்று பெயர்.

1977-ல் எம். ஜி. இராமச்சந்திரன் முதலமைச்சராகித் திரையை விட்டகன்றபின், நம்பியாருக்கு எதிரே நிற்க அத்துணை உயரமான நாயகன் இலன். வாட்போர்ப் படங்களும் மறைந்தன. ஆயினும் அவர் தொழில் மறையவில்லை. 1982-ல் கே. பாக்கியராஜ் எடுத்த தூறல் நின்னு போச்சு என்னும் படத்தில், கதாநாயகனுக்குத் துணைநிற்கும் பயில்வானாக, நல்ல உள்ளமும் நகைச்சுவையும் உடைய பெரியவராக அவரைத் தோன்றச் செய்தனர். ராஜகுமாரியில் தொடங்கிய நகைச்சுவை முப்பத்தைந்து ஆண்டு கழித்து மீண்டது என்பதே உண்மை. ஆனால் இடைப்பட்ட காலத்து வெறுப்பெல்லாம் ஒரே படத்தில் அன்பாக மாறியது கண்டு மக்களே வியந்தனர். தெருவில் அவரைக் கண்டு ஒதுங்கிய பெண்டிரின் பேத்திகள் இப்போது தாத்தா என்று அவரை அழைத்தனர்.

எம். ஜி. இராமச்சந்திரன் 1987-ஆம் ஆண்டு டிசம்பர் 24-ஆம் தேதி மறைந்தார். திரையில் எத்தனையோ முறை அவர் வாளால் மாண்ட நம்பியார், அதன் பின்னும் இருபதாண்டுகளுக்கு மேல் வாழ்ந்திருந்து, 2008-ஆம் ஆண்டு நவம்பர் 19-ஆம் தேதி சென்னையில் தம் எண்பத்தொன்பதாம் வயதிற் காலமானார். கார்த்திகை பிறந்து நான்கு நாட்களே ஆகியிருந்தன; சபரிமலையில் மண்டல பூசைக் காலம் தொடங்கி, குருசாமிமார் ஊர்தோறும் மாலை அணிவித்துக்கொண்டிருந்தனர்.